குட்டி நாட்டுக்குச் சபாஷ்

பாலத்தின் நடுவில் பஸ் நின்றுவிட்டது. முன்னால் வைக்கோல் லாரி ஒன்று அச்சு முறிந்து கிடக்கிறதாம், கண்டக்டர் எட்டிப் பார்த்துவிட்டு வந்து நிதானமாகச் சொல்கிறார், ஏதோ தன் வீட்டு விசேஷத்தைச் சொல்வதுபோல. மணி ஒன்று நாற்பது. இரண்டே காலுக்கு அக்கா பிச்சைக்கனி டீக்கடையைத் தாண்டுவாள். தாண்டினால் பரவாயில்லையே, நிற்பாள், அதுதான் சங்கடம். சமாதானபுரம் பள்ளிக்கூடத்தில் சத்துணவு ஆக்கிப் போட்டு, அண்டாவைக் கழுவிக் கவிழ்த்துவிட்டு, ஈரக்கையைச் சேலையில் துடைத்துக்கொண்டே கிளம்புகிறவள் நேராக வீட்டுக்குப் போனால் என்ன? போக மாட்டாள். டீக்கடை வாசலில் கம்பிச் சட்டத்தில் எங்கள் மாலைப் பத்திரிகையின் போஸ்டர் தொங்கும். அதன் முன்னால் நின்று வாய்விட்டு வாசித்து, எங்க தம்பி எழுதுனது என்று டீ குடிக்க வந்தவனிடமெல்லாம் சொல்லிவிட்டுத்தான் நகருவாள். சங்கரவடிவின் தம்பி ஆவுடையப்பன் ஏதோ கலெக்டர் என்று அந்தத் தெருவில் பாதிப் பேர் நினைத்துக்கொண்டிருக்கிறார்கள். இன்றைக்கு அந்தச் சட்டத்தில் என்ன தொங்கப்போகிறது என்று எனக்குத் தெரியும். காலை பத்தரை மணிக்கு நானேதான் எழுதினேன். ‘எண்ணெய்த் துறைமுகம் தீக்கிரை, சபாஷ் குட்டி நாடு.’ அந்தத் துறைமுகத்தில் அக்கா மகன் பால்வண்ணம் இருக்கிறான். எனக்கு அது ஒரு மணிக்குத்தான் தெரிந்தது. தெரிந்தது என்பது பொய். ஞாயிற்றுக்கிழமையே அக்கா சொன்னாள். நான் உம் கொட்டிக்கொண்டிருந்தேன்.

நார்த்தங்காய் ஊறுகாய்தான் காட்டிக்கொடுத்தது. பத்திரிகைக் கட்டுகளும் போஸ்டர் சுருள்களும் பன்னிரண்டரைக்கே சைக்கிள்களில் ஏறிப் போய்விட்டன, மெஷின் நின்றுவிட்டது, மெஷின் நின்றதும் ஆபீசில் ஒரு அமைதி வரும், பெண்ணைக் கட்டிக்கொடுத்து அனுப்பிய வீடுபோல. அந்த அமைதியில் தூக்குச்சட்டியைத் திறந்தேன். தயிர்ச்சாதத்தின் ஓரத்தில் ஞாயிற்றுக்கிழமை அக்கா பாட்டிலில் போட்டுக் கொடுத்த ஊறுகாய். அந்த வாசனை மூக்கில் ஏறியதும் அவள் குரலும் கூடவே ஏறி வந்தது. ஜாடியிலிருந்து கரண்டியால் அள்ளி அள்ளிப் பாட்டிலில் அமுக்கிக்கொண்டே அவள் பேசுகிறாள், நான் கட்டிலில் கால் நீட்டி, போட்டிப் பத்திரிகைக்காரன் அதே சண்டையை எப்படிப் போட்டிருக்கிறான் என்று வயிற்றெரிச்சலோடு மேய்ந்துகொண்டிருக்கிறேன். பயகிட்டருந்து காயிதம் வந்துருக்கு. உம். கம்பெனியில வேற எடத்துக்கு மாத்திட்டானுவளாம். உம். கப்பல் ரிப்பேராம், நீ டெய்லி எழுதுதியே அந்தத் துறைமுகம், அங்கதானாம். உம். உப்பு பத்தலன்னா சொல்லு. உம். காது வாங்கி எங்கேயோ போட்டுவைத்திருந்ததை நாலு நாள் கழித்து மூக்கு எடுத்துக் கொடுக்கிறது. சட்டியை மூடினேன். எழுந்து ஓடிப் போய், செய்தி அடிக்கிற டெலிபிரிண்டரைப் பார்த்தேன். அது கிரிக்கெட் ஸ்கோரை அடித்துக்கொண்டிருந்தது. அதற்கென்ன, அதற்கு அக்காவா தங்கச்சியா. நியூஸ் எடிட்டரிடம் தலைவலி என்று சொல்லிவிட்டு, கையைக்கூடச் சரியாகக் கழுவாமல் பஸ் ஏறிவிட்டேன். விரல்களில் இன்னும் நார்த்தங்காய் மணக்கிறது. கீழே ஆற்றில் யாரோ எருமையைக் குளிப்பாட்டுகிறார்கள். எருமைக்கு என்ன நிம்மதி.

குட்டி நாடு என்று பெயர் வைத்தவனும் நான்தான். இதை நான் பெருமையாகப் பல பேரிடம் சொல்லியிருக்கிறேன், அதை நினைத்தால் இப்போது வெட்கமாக இருக்கிறது. நாலு மாதத்துக்கு முன்னால், சண்டை தொடங்கின முதல் நாள், அந்த நாட்டின் பெயர் போஸ்டரில் அடங்கவில்லை. பெரிய மர எழுத்துகளைக் கையில் வைத்துக்கொண்டு ஃபோர்மேன் மாசானம் என் மேசைக்கு வந்து நிற்கிறார், பேரு நீளமா இருக்கு சார், ஒரு எழுத்து வெளிய நிக்கும் என்கிறார். குட்டி நாடுன்னு போடும் ஓய் என்றேன், தலை நிமிராமல். அவ்வளவுதான். ஒரு பிள்ளைக்குப் பெயர் வைக்கக்கூட நாற்பது நாள் யோசிக்கிற ஊரில், ஒரு தேசத்துக்கு நான் பெயர் வைக்க நாலு விநாடி ஆயிற்று. மறுநாளிலிருந்து ஊரே அந்த நாட்டைத் தூக்கி இடுப்பில் வைத்துக்கொண்டது. குட்டி என்றால் நமக்கு மனசு இளகிவிடுமே, ஆட்டுக்குட்டி, நாய்க்குட்டி, குட்டி நாடு. அது ஒன்று செய்தால் பதிலடி என்று எழுதினேன், அதையே எதிராளி செய்தால் வெறியாட்டம் என்று எழுதினேன். குண்டு ஒரே குண்டுதான், போடுகிற கையைப் பார்த்துப் பெயர் வைத்தேன். யாராவது சொல்லிச் செய்தேனா? முதலாளி சொல்லவில்லை, எந்தத் தூதரகத்துக்காரனும் எனக்கு ஒரு காபி வாங்கித் தரவில்லை. நன்றாக இருந்தது, அடக்கமாக இருந்தது, பத்திரிகை போயிற்று. கல்லூரிப் பேராசிரியர் ஒருவர் கடிதம் எழுதினார், தாங்கள் குட்டி என்று கொஞ்சுகிற அந்த நாடு தமிழ்நாட்டைப்போல இரண்டு மடங்கு, அட்லஸில் பார்க்கவும் என்று. பார்த்தேன். உண்மைதான். கடிதத்தை மடித்து டிராயரில் போட்டேன். அதற்குள் முருகன்குறிச்சியில் கோயில் கொடைக்கு வந்த வில்லுப்பாட்டுக்காரர் அபிமன்யு கதையில் குட்டி நாட்டைச் சேர்த்துப் பாடி, கூட்டம் கைதட்டோ கைதட்டு என்று தட்டிவிட்டது. அபிமன்யுவைப்போய் இரண்டு மடங்கு என்று எப்படிச் சொல்வது.

லாரியைத் தள்ளிவிட்டார்கள் போலிருக்கிறது, பஸ் முனகிக்கொண்டு நகருகிறது. ஒன்று ஐம்பத்தைந்து. கொக்கிரகுளம். பெட்டிக்கடையில் வாழைப்பழத் தாருக்கு அந்தப் பக்கம் தொங்குகிறது என் போஸ்டர். தீக்கிரை. தூரத்திலிருந்து பார்க்க எவ்வளவு லட்சணமாக இருக்கிறது, இதைத்தான் மாசானம் கை என்பது. வண்ணாரப்பேட்டையில் இரண்டு கடையில். சபாஷ். சபாஷ். ஒரு கடையில் சட்டத்துக்கு முன்னால் நாலு பேர் நின்று சிரிக்கிறார்கள். நான் எழுதுகிறபோது அது ஒரே ஒரு சபாஷ், ஊரில் இத்தனை சபாஷ் ஆகும் என்று தெரியும், தெரிந்துதானே சம்பளம் வாங்குகிறேன், ஆனாலும் பஸ் ஜன்னலிலிருந்து வரிசையாகப் பார்த்ததில்லை. முன் சீட்டுக்காரர் பத்திரிகையை விரித்து வாசித்துக்கொண்டிருந்தவர், மனசு தாங்காமல் திரும்பி, என்னைத் தெரியாமலேயே என்னிடம் சொல்கிறார், பாத்தியளா சார், பொடிப்பய நாடு, போட்டுப் பொளந்துட்டான். நல்ல மனுஷன். சட்டைப்பையில் மருந்துச் சீட்டு இருக்கிறது, யாருக்கோ உடம்பு சரியில்லை, அந்தக் கவலைக்கு நடுவிலும் எங்கேயோ எரிகிற ஒரு துறைமுகத்துக்காகச் சந்தோஷப்படுகிறார். அவரைக் குற்றம் சொல்ல முடியுமா. அந்தச் சந்தோஷத்தை அவருக்குக் காலையில் நான் காய்ச்சிக் கொடுத்திருக்கிறேன், சூடு ஆறுவதற்குள் குடிக்கிறார். முதல் பக்கத்தில் புகை மண்டுகிற படம் வேறு. அந்தப் படத்தின் யோக்கியதை எனக்குத்தான் தெரியும். எப்போதோ ஒரு தீப்பெட்டி ஆபீஸ் தீப்பிடித்தபோது எடுத்த படம், அச்சடிக்கிற பிளாக் நல்ல பதத்தில் இருக்கிறதென்று ஒவ்வொரு சண்டைக்கும் அதையே போடுகிறோம். ஓரத்தில் ஒரு பனைமரம் நிற்கும், அதை அறுத்துவிட்டுப் போடச் சொல்வேன், ஒருநாள் அறுக்காமல் போட்டுவிட்டார்கள். அன்றைக்கு அக்கா அந்தப் படத்தைக் கண்ணுக்குப் பக்கத்தில் வைத்துப் பார்த்துவிட்டுச் சொன்னாள், அங்கயும் நம்ம பனை நிக்குல்லா, பய பாத்தா அவனுக்கு ஊரு ஞாபகம் வந்துரும். ஆமா என்று சொன்னேன். பாவி, வேறு என்ன சொல்ல.

அந்தச் செய்தி டெலிபிரிண்டரில் நாலே வரிதான் வந்தது. துறைமுகத்தின் கிடங்குப் பகுதியில் இரண்டு எண்ணெய்த் தொட்டிகள் தீப்பிடித்ததாக ஒரு தரப்பு ராணுவம் கூறுகிறது. மறு தரப்பு மறுக்கிறது. சேத விவரம் தெரியவில்லை. உயிரிழப்பு பற்றித் தகவல் இல்லை. இரண்டு தொட்டி. ஒரு தரப்பு கூறுகிறது. இதில் கூறுகிறதை எடுத்துவிட்டேன், மறுக்கிறதை எடுத்துவிட்டேன், தெரியவில்லையை எடுத்துவிட்டேன், போஸ்டரில் தெரியவில்லை என்று போட்டால் எவன் வாங்குவான்? மிச்சம் இருந்த இரண்டு தொட்டியைக் கொண்டு துறைமுகம் முழுவதையும் கொளுத்தினேன். இப்போது அந்த நாலு வரியைத்தான் மந்திரம்போல வாய்க்குள் சொல்லிக்கொண்டு வருகிறேன். மறு தரப்பு மறுக்கிறது. மறுக்கட்டும், நன்றாக மறுக்கட்டும். நாலு மாதமாக நான் ஒரு வார்த்தை நம்பாத அந்தத் தரப்பை இன்றைக்குக் கையெடுத்துக் கும்பிடுகிறேன். உயிரிழப்பு பற்றித் தகவல் இல்லை. தகவல் இல்லை என்றால் இழப்பு இல்லையா, தகவல்தான் இல்லையா? இருபது வருஷமாக இந்த வரியை மொழிபெயர்க்கிறேன், ஒருநாள்கூட இந்தக் கேள்வி வந்ததில்லை. கருகிய உடல்கள் என்று எத்தனை தரம் எழுதியிருப்பேன். அடையாளம் தெரியாத என்று சேர்த்தால் வரி நிரம்பும். வேண்டாம், அந்தப் பக்கம் போகக் கூடாது. முருகன்குறிச்சி இறக்கத்தில் பஸ் இறங்குகிறது.

பால்வண்ணம் வெல்டிங் பண்ணும்போது கண்ணாடி போட மாட்டான். பேட்டை ஐ.டி.ஐ.யில் படித்துவிட்டு வந்த புதிதில் அக்கா வீட்டுக் கொல்லைக் கதவுக்கு அவனே கீல் பற்றவைத்தான், ஒரு கண்ணை மூடி, நாக்கை ஓரமாகக் கடித்துக்கொண்டு. கண்ணு போயிரும்ல மூதேவி என்று அக்கா கத்த, ஒண்ணு போனா இன்னொண்ணு இருக்குல்லா என்பான். அந்தக் கதவு இன்றுவரை சரியாகச் சாத்தாது, அக்கா அதை மாற்றவும் விட மாட்டாள். வெளிநாடு போகிற அன்றைக்கு ஜங்ஷனில் ரயிலடியில் என்னைத் தனியே இழுத்து, மாமா, ஒங்க பேப்பர் அங்க வருமா என்று கேட்டான். வராதுடே என்றேன். அவன் முகம் விழுந்துபோயிற்று. அதை அக்காவிடம் சொல்லித் தொலைத்தேன், அதிலிருந்து யார் அந்த ஊருக்குப் போனாலும் ஊறுகாய் பாட்டிலைப் பழைய போஸ்டரில் சுற்றித்தான் கொடுத்தனுப்புவாள். மிஞ்சுகிற போஸ்டர்களை மாதம் ஒருதரம் நான் அவளுக்குக் கொண்டுபோய்க் கொடுக்கிறது வழக்கம், அடுக்களை அலமாரித் தட்டுகளில் விரிக்க அதைப்போலத் தாள் கிடையாதாம். மிளகாய்ப்பொடி டின்னுக்குக் கீழே பதிலடி, புளிப்பானைக்குக் கீழே முற்றுகை. ஞாயிற்றுக்கிழமை இன்னொன்றும் சொன்னாளே, இப்போதுதான் வருகிறது, பாட்டிலைச் சுத்தி அனுப்புன போஸ்டரைப் பய நெளிவெடுத்துக் கட்டிலுக்கு மேல சுவத்துல ஒட்டிருக்கானாம், மாமா எழுத்துன்னு. உம் என்றேன். என்ன போஸ்டர் அது? போன மாதக் கட்டில் இருந்ததென்றால் குட்டி நாடு என்று கட்டாயம் இருக்கும். எதிரி நாட்டில், எதிரிக்குப் போடுகிற சபாஷை, தலைமாட்டில் ஒட்டிக்கொண்டு தூங்குகிறான் பிள்ளை. அங்கே ஒருவருக்கும் தமிழ் வாசிக்கத் தெரியாது, அது ஒன்றுதான் ஆறுதல். சண்டைக்கும் அவன் இருக்கிற இடத்துக்கும் நடுவில், பாளையங்கோட்டைக்கும் காசிக்கும் உள்ள தூரம் என்று நான்தான் அக்காவுக்குத் தைரியம் சொன்னேன். அப்போது அவன் துறைமுகத்துக்கு வெகு தூரம் உள்ளே, பாலைவனத்துக் கம்பெனியில் இருந்தான். அதை நம்பித்தான் அவளும் நிம்மதியாகக் குட்டி நாட்டுக் கட்சியில் சேர்ந்தாள்.

பாளை மார்க்கெட்டில் இரண்டு பத்து. யாரோ வாழை இலைக் கட்டை ஏற்றுகிறார்கள், ஏற்றுகிறார்கள், ஏற்றிக்கொண்டே இருக்கிறார்கள். அக்கா இந்நேரம் அண்டாவைக் கவிழ்த்திருப்பாள். போய்ச் சேர்ந்துவிட்டால் என்ன செய்ய வேண்டும் என்று யோசித்துவிட்டேன். சட்டத்திலிருந்து போஸ்டரை உருவ வேண்டும். பிச்சைக்கனி ஏன் என்று கேட்டால் பிழை வந்துவிட்டது என்று சொல்ல வேண்டும், பொய்யில்லையே. பிறகு அக்காவோடு வீட்டுக்கு நடந்து, அவள் ஒரு வாய் தண்ணீர் குடித்த பிறகு, அந்த நாலு வரியை ஒரு வார்த்தை கூட்டாமல் குறைக்காமல் சொல்ல வேண்டும். எனக்குத் தெரியாது, எவனுக்கும் தெரியாது, தந்தி அடித்துக் கேட்போம் என்று சொல்ல வேண்டும். அழுவாள். அழட்டும், என் தோளில் அழட்டும். டீக்கடையில் கைதட்டுகிறவர்கள் நடுவில் நின்று அழக் கூடாது. இது ஒன்று மட்டும் நடக்கக் கூடாது, மற்றதை நான் பார்த்துக்கொள்கிறேன். பஸ் சமாதானபுரத்துக்குள் திரும்புமுன்பே படியில் நின்றேன், நிற்பதற்குள் குதித்தேன், கண்டக்டர் ஏதோ திட்டினார். டீக்கடை வாசலில் கம்பிச் சட்டம் காலியாகக் காற்றில் ஆடிக்கொண்டிருந்தது.

போஸ்டர் இன்னும் வரவில்லை போலிருக்கிறது என்று ஒரு நிமிஷம் உயிர் வந்தது. பிச்சைக்கனி டீ ஆற்றிக்கொண்டே சொன்னார், அக்கா இன்னைக்குச் சீக்கிரமே வந்தாச்சு, பள்ளிக்கூடத்துல ஏதோ பரிச்சையாம், அரை நாளாம். இங்க நம்ம பயக்க எல்லாம் கைதட்டிக்கிட்டு நின்னானுவ, அக்கா வாசிச்சாங்க, இன்னொரு தடவ வாசிச்சாங்க, பொறவு சிரிச்சுட்டு, இத நான் எடுத்துக்கிடுதேன்னு உருவிட்டுப் போய்ட்டாங்க. சிரித்தாளா என்று கேட்டேன். ஆமா சார், நல்லாத்தான் சிரிச்சாங்க என்றார். ஒரு தெரு தூரம்தான் அவள் வீடு. அந்தத் தெருவை நான் எப்படிக் கடந்தேன் என்று தெரியாது. புத்தி பிசகினவர்கள்தான் இப்படிச் சிரிப்பார்கள் என்று ஒரு கால் சொல்கிறது, அப்படியெல்லாம் இல்லை என்று மறுகால் சொல்கிறது. கொல்லைக் கதவு வழக்கம்போல அரைகுறையாகத் திறந்து கிடந்தது. உள்ளே அக்கா முக்காலியில் ஏறி நின்று, அலமாரியின் நடுத்தட்டைத் துடைத்துவிட்டு, இன்றைய போஸ்டரை விரித்துக்கொண்டிருந்தாள். ஓரத்தை விரல் நகத்தால் நீவி மடித்தாள். உப்பு ஜாடியைத் தூக்கி அதன்மேல் வைத்தாள். என்னைப் பார்த்ததும், மூஞ்சி ஏம்ல இப்படிக் கெடக்கு, சாப்பிடலையா என்றாள். கண் சிவந்திருந்தது. அழுதுமிருக்கிறாள், அழுது முடித்துமிருக்கிறாள்.

அக்கா, பால்வண்ணம் என்று ஆரம்பித்தேன். அவள் முக்காலியிலிருந்து இறங்கி, முந்தானையால் கையைத் துடைத்தாள். மொதல்ல பாத்ததும் எனக்கு உசுரு போயி உசுரு வந்துட்டுடே, என்றாள். அவனுவ வேற கைதட்டுதானுவ. பொறவுதான் நெனச்சேன். எந்தம்பில்லா எழுதிருக்கான், பய அங்க இருக்கான்னு ஞாயித்துக்கெழமையே அவன்கிட்டச் சொல்லியாச்சு. பயலுக்கு ஏதாவது ஒண்ணுன்னா இவன் சபாஷ்னு எழுதுவானா? அங்க இங்க கேட்டு, பயலுக்கு ஒண்ணும் இல்லைன்னு தெரிஞ்சுக்கிட்டுத்தான எழுதிருப்பான். அப்படித்தானல?

கேட்டுவிட்டு அவள் என் வாயையே பார்த்தாள். ஊரில் எல்லாரும் போஸ்டரை வாசிக்கிறார்கள், இவள் ஒருத்திதான் எழுதினவனை வாசித்திருக்கிறாள், அதுவும் தப்பாக. நாலு வரியும் நாக்கு நுனியில் வந்து வரிசையாக நின்றன. தெரியவில்லை என்கிற வார்த்தை முன்னால் நின்றது. அவளுக்குப் பின்னால் உப்பு ஜாடிக்குக் கீழே சபாஷ் தெரிந்தது, மாசானத்தின் நல்ல கறுப்பு எழுத்தில். இந்தத் தடவை அவள் சொன்னதில் ஒரு வார்த்தைகூடத் தவறவிடாமல் கேட்டேன். கேட்டுவிட்டுத்தான் உம் என்றேன்.